போகிறவரிடம் கேட்ட கேள்வி

அதற்கு ஜெபசிங் சார் வைத்திருக்கும் பெயர் சுலபத்தில் வாயில் நுழையாது. அது காகிதங்களில் மட்டும் இருக்கும். நாங்கள் லிஃப்ட் என்றுதான் சொல்வோம். அதில் பொய்யும் இல்லை. பீளமேட்டில் மூடிக் கிடந்த ஒரு நூல் மில்லில் முப்பது வருஷம் பஞ்சுப் பொதி ஏற்றி இறக்கிய சரக்கு லிஃப்ட்தான் அது. அதன் கூண்டைச் சுற்றித் தொண்ணூறு கிலோ செம்புக் கம்பியைச் சுற்றியவள் நான். பெயர் சாந்தாமணி. கணபதியில் மோட்டார் ரீவைண்டிங் கடை வைத்திருக்கிறேன். எரிந்துபோன மோட்டாரைக் கொண்டுவந்தால் பழைய கம்பியை உருவிவிட்டுப் புதுக் கம்பி சுற்றிக் கொடுப்பேன். காலத்தைத் தாண்டும் இயந்திரத்துக்கும் கிணற்று மோட்டார் சுற்றுகிறவளுக்கும் என்ன சம்பந்தம் என்று என் மகள் உட்பட எல்லோரும் கேட்டாயிற்று. பெரிய ஆட்கள் சுற்றிக் கொடுத்த மூன்று கம்பிச் சுருள்கள், காயில்கள் என்போம், முதல் நாளே புகைந்தன. நான் சுற்றியது புகையவில்லை. சம்பந்தம் அவ்வளவுதான்.

ஜெபசிங் சார் நாசரேத் பக்கத்து ஆள். பௌதிகம் படித்து, வெளிநாட்டில் பத்து வருஷம் இருந்துவிட்டு வந்தவர். வயதில் என்னைவிடச் சின்னவர் என்பதால் என்னை அக்கா என்பார். நான் சார் என்பேன். விஷயத்தை அவர் எனக்கு விளக்கியது, நான் காயில் சுற்றிக்கொண்டிருந்த ஒரு மத்தியான வேளையில்.

"சாதாரண லிஃப்ட் மேல போவும், கீழ வரும். இது கீழ மட்டுந்தான்க்கா. கீழன்னா நேத்து, முந்தாநாளு, பத்து வருசத்துக்கு முந்தி. ஆனா நேரா எறங்காது பாத்துக்கிடுங்க. பக்கவாட்டுல ஒரு அடி நவுந்துதான் எறங்கும்."

"நவுந்து எங்கீங்க சார் போகும்?"

"பக்கத்து உலகத்துக்கு. அங்கயும் இதே பீளமேடு, இதே மில்லு. அங்கயும் ஒரு ஜெபசிங் உக்காந்து மண்டைய ஒடச்சிக்கிட்டு இருப்பான். எல்லாம் இங்க மாதிரியேதான், ஒண்ணு ரெண்டு வெசயம் மாறியிருக்கும். நம்ம உலகத்தோட பழைய நாளுக்கு மட்டும் போவவே முடியாது. எப்படிப் போட்டுப் பாத்தாலும் அதே விடைதான் வருது."

நான் கம்பியை நிறுத்திவிட்டு அவரைப் பார்த்தேன். "அப்ப அங்க போயி, சாகப்போற ஒருத்தரக் காப்பாத்துனா?"

"அங்க பொழச்சிக்கிடுவாரு. இங்க செத்தவரு செத்தவருதான்."

"நல்லா மிசின் கண்டுபுடிச்சீங்க போங்க."

அவருக்குக் கோபம் வரவில்லை. சிரித்தார். எனக்கு அடுத்த கேள்வி தானாக வந்தது. "அங்கிருந்து இங்க யாராச்சும் வருவாங்களாங்க சார்?"

பேனாவால் தலையைச் சொறிந்தார். "வரலாம். வந்துட்டுப் போயுமிருக்கலாம். ஏழு நிமிசம் வந்து நிக்கிற ஆள யாருக்கா கவனிப்பா? தெருவுல ஒரு நாளைக்குத் தெரியாத மூஞ்சி எத்தன பாக்கோம்?"

போய் நிற்க வேண்டிய இடத்தையும் நேரத்தையும் இங்கிருந்தே அமைத்துவிடலாம். ஏழு நிமிஷம்தான் காயில் தாங்கும். அதற்குமேல் ஓட்டினால் கம்பிமேல் பூசிய வார்னிஷ் உருகிவிடும். ஆனால் காயில் சூடு ஆற ஆறு மணி நேரமாகும். அந்தச் சூடு இருக்கும்வரை, போய்வந்த அதே உலகத்துக்கு மறுபடி போகலாம், அங்கே வேறு எந்த நாளுக்கும் போகலாம். ஆறிவிட்டால் அந்த உலகம் தொலைந்தது. மறுமுறை வேறு ஏதோ ஒரு பக்கத்து உலகம்தான்.

போன ஆளைத் திரும்ப இழுக்க ஒரு பிடி வேண்டும். முதலில் இடுப்பில் ஒரு பெட்டியைக் கட்டினார்கள். ஒருவருக்கு இடுப்பு வெந்துபோனது. மோட்டாரில் மிஞ்சின எனாமல் கம்பியை இடது கணுக்காலில் மூன்று சுற்று சுற்றிவிடலாம் என்று நான்தான் சொன்னேன். படித்தவர்களுக்கு அது தோன்றாது. கம்பி சுற்றுகிற கைக்குத் தோன்றும். ஒன்றரை வருஷமாக அதுதான் நடைமுறை. கம்பி காலில் இருந்தால் ஏழாவது நிமிஷம் முடிந்ததும் ஆள் கூண்டுக்குள் வந்து விழுவார். கழற்றிவிட்டால் அங்கேயே இருந்துவிட வேண்டியதுதான். வேறு உலோகம் எதுவும் உடம்பில் கூடாது. பருத்தித் துணி, வெறுங்கால்.

செய்தி எப்படியோ வெளியே போய், விண்ணப்பங்கள் வந்து குவிந்தன. முந்நூறு பேரை வரவழைத்து, மில்லின் பழைய சாப்பாட்டுக் கூடத்தில் உட்காரவைத்து ஜெபசிங் சார் நிலைமையைச் சொன்னார். உங்கள் பிள்ளையைக் காப்பாற்றலாம், ஆனால் அது அந்த உலகத்து அப்பா அம்மாவின் பிள்ளை. நீங்கள் வெறுங்கையோடு திரும்பி வருவீர்கள். திருப்பூரில் இருந்து வந்திருந்த ஒருவர் எழுந்தார். மகனைக் குளத்தில் பறிகொடுத்தவர்.

"எனக்கில்லாத பையன் எவனுக்கோ கெடைச்சா எனக்கு என்னங்க வந்துச்சு?" என்றார். கேட்டுவிட்டு அழுதார். பிறகு செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டார். அவர் பின்னாலேயே ஒவ்வொருவராக எழுந்தார்கள். கடைசியில் மிஞ்சியது நான்கு பேர். அந்த நான்கு பேரும் போய்விட்டு வந்தார்கள். அதில் ஒரு டீச்சர் இப்போதும் தினம் வந்து மில் கேட்டுக்கு வெளியே உட்கார்ந்திருக்கிறார். இன்னொரு தடவை அனுப்பச் சொல்லி யாரிடமும் கேட்பதில்லை. சும்மா உட்கார்ந்துவிட்டு, ஐந்து மணிக்கு எழுந்து போய்விடுவார். இந்த மாதிரி இயந்திரத்தை மனிதர் கையில் கொடுக்கலாமா என்று எனக்கு அப்போதே சந்தேகம். இருந்தும் ஐந்தாவதாக என் பெயரை எழுதிக் கொடுத்தேன்.

காரணத்தைச் சொல்லிவிடுகிறேன். பதினான்கு வருஷத்துக்கு முன்னால் ஒரு வியாழக்கிழமை, காலை ஆறே முக்கால். என் வீட்டுக்காரர் தேவராசு மொபெட்டைத் தள்ளிக்கொண்டு வாசலுக்கு வந்தார். வெளியில் மோட்டார் வேலைக்குப் போகிற நாளில் எண்ணெய்க் கறை படிந்த காக்கிச் சட்டைதான் போடுவார். அன்றைக்கு இஸ்திரி போட்ட வெளிர்நீலச் சட்டை. தலையைப் படிய வாரியிருந்தார். டிபன் பாக்ஸ் எடுக்கவில்லை. எங்கே என்ற கேள்வி என் தொண்டை வரைக்கும் வந்தது. விழுங்கிவிட்டேன்.

வெளியே கிளம்புகிறவரை எங்கே என்று கேட்கக் கூடாது. உங்கள் வீட்டிலும் அப்படித்தான் சொல்லி வளர்த்திருப்பார்கள். கேட்டால் போகிற காரியம் விளங்காது. யாராவது கேட்டுத் தொலைத்துவிட்டால், போகிறவர் திரும்ப உள்ளே வந்து, உட்கார்ந்து, ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டுத்தான் மறுபடி கிளம்ப வேண்டும். நான் நல்ல பெண்டாட்டி. கேட்கவில்லை. அவர் போனார். தெருமுனையில் தண்ணீர் லாரி திரும்பியது.

இரண்டு நிமிஷம் தாமதித்திருந்தால் லாரி கடந்து போயிருக்கும். நான் கேட்டிருந்தால் தாமதித்திருப்பார். பழக்கத்தைக் காப்பாற்றினேன், ஆளை விட்டுவிட்டேன். இது ஒரு முள். இன்னொரு முள்ளும் உண்டு. அதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. அவர் எங்கே போய்க்கொண்டிருந்தார் என்பது எனக்குக் கடைசிவரை தெரியவில்லை. சட்டைப் பையில் ஒரு சீப்பும் புதுக் கைக்குட்டையும் இருந்தன. இஸ்திரிச் சட்டை, படிய வாரிய தலை, புதுக் கைக்குட்டை. பதினான்கு வருஷமாக இந்த மூன்றையும் சேர்த்துச் சேர்த்துப் பார்த்து, நல்லபடியாகவும் யோசித்திருக்கிறேன், கேவலமாகவும் யோசித்திருக்கிறேன். செத்துப்போன மனுஷன் மேல் சந்தேகப்படுவது எவ்வளவு அசிங்கம் என்று தெரியும். தெரிந்தும் சந்தேகப்பட்டேன்.

ஒரு கேள்வியால் உயிர் பிழைக்கும் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். எங்கள் வீட்டிலேயே நடந்திருக்கிறது. ஆறு வருஷத்துக்கு முன்னால், என் மகள் சஷ்டிகாவுக்குப் பதினாறு வயது. பொள்ளாச்சியில் சொந்தத்தில் ஒரு கல்யாணம். இரண்டு பேரும் போவதாக இருந்தோம். விடிகாலையில் ஒரு கோழிப்பண்ணை மோட்டார் கருகி வந்து சேர்ந்தது. மூவாயிரம் கோழிக்குத் தண்ணீர் இல்லை. கடையில் வேறு யார் இருக்கிறார்கள்? நான் நின்றுவிட்டேன். அவள் மட்டும் பட்டுப்பாவாடை கட்டிக்கொண்டு கிளம்பினாள். வாசலில் பேச்சுச் சத்தம் கேட்டது. நான் உள்ளே இருந்தபடியே, "யாரு சஷ்டி அங்க?" என்று கத்தினேன்.

"யாரோ ஓட்டைப்பல்லு தாத்தாம்மா! எங்க கிளம்பிட்டேன்னு கேட்டுட்டாரு!" என்று காலை உதைத்துக்கொண்டு உள்ளே வந்தாள். உட்காரவைத்துத் தண்ணீர் கொடுத்தேன். அதற்குள் பஸ் போய்விட்டது. அந்த பஸ்ஸின் மேல்தான் பொள்ளாச்சி ரோட்டில், மழையில் ஊறிப்போன புளியமரம் சாய்ந்தது. முன்பாதியில் உட்கார்ந்திருந்த யாரும் பிழைக்கவில்லை. இவள் எப்போதும் முன்சீட்டுக்காரி. மறுநாளே ஈச்சனாரிப் பிள்ளையாருக்கு நூற்றெட்டுத் தேங்காய் உடைத்தேன். அந்தப் பெரியவரை மறந்துவிட்டேன்.

நான் லிஃப்டில் போகப்போகிறேன் என்றதும் சஷ்டிகா தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தாள். அவளுக்கு இப்போது இருபத்திரண்டு. ரத்தப் பரிசோதனை நிலையத்தில் வேலை. ஊசி குத்துகிறவளுக்குப் பேச்சிலும் ஊசி இருக்கும்.

"அங்க இருக்கற சஷ்டிக்கு அப்பா கெடைப்பாரு. அங்க இருக்கற சாந்தாமணிக்குப் புருசன் கெடைப்பாரு. எனக்கு என்ன கெடைக்கும்? நீ திரும்பி வருவியா மாட்டியான்னு நான் உக்காந்துட்டு இருக்கோணும்."

"வராம எங்க போறேன்?"

"அப்பாவ உசுரோட பாத்தப்பொறவு அந்தக் கம்பிய அவுக்காம வருவியா? என்ற மூஞ்சியப் பாத்துச் சொல்லு."

அவள் முகத்தைப் பார்த்தேன். அவள் தள்ளிவிட்ட தட்டை எடுத்துக்கொண்டு கழுவப் போனேன்.

"போ. ஆனா நான் வரமாட்டேன், உன்ன அனுப்பி வெக்கறதுக்கு" என்றாள். அவள் மில்லுக்குள் ஒருமுறைகூட வந்ததில்லை. நான் கிளம்பும்போதும் வரவில்லை.

காலை பத்து மணிக்கு ஜெபசிங் சார் கூண்டுக் கதவை மூட வந்தார். கடைசியாக ஒன்று கேட்டார். "எச்சரிக்கை சொல்லப் போறீங்களாக்கா? லாரி வருதுன்னு? யாரும் நம்ப மாட்டாங்க. போன தடவையே பாத்தோம்."

"எச்சரிக்கையெல்லாம் இல்லீங்க சார். ஒரே ஒரு கேள்வி."

கதவு மூடியதும் கண்ணை மூடிக்கொள்ளச் சொன்னார்கள். கண்ணைத் திறந்தபோது கணபதியில் எங்கள் தெருவில் நின்றேன்.

வேப்பமரம் இன்னும் வெட்டப்படவில்லை. எதிர்வீட்டு மாடி இன்னும் கட்டப்படவில்லை. வீட்டை ஒட்டிய எங்கள் கடை அடுப்பிலிருந்து வார்னிஷ் வேகும் வாசம் வந்தது. கால் கூசியது, வெறுங்காலோடு தெருவில் நின்று எத்தனையோ வருஷம் ஆயிற்று. வீட்டுக்குள்ளிருந்து என் குரல் கேட்டது. பால் குக்கர் கத்துவதைப் பற்றி யாரையோ திட்டிக்கொண்டிருந்தது. என் குரல் அவ்வளவு கணீரென்று இருந்ததா? அவளைப் பார்க்காமலே அவள்மேல் பொறாமை வந்தது. மறைக்க என்ன இருக்கிறது, நல்ல பொறாமை. இன்னும் சற்று நேரத்தில் அவளுக்கு ஒரு பெரிய பரிசு கிடைக்கப்போகிறது, அது பரிசு என்பதே தெரியாமல் அவள் குக்கரைத் திட்டிக்கொண்டிருக்கிறாள்.

அவர் வந்தார். மொபெட், வெளிர்நீலச் சட்டை, படிய வாரிய தலை. நாற்பத்திரண்டு வயது. நான் நினைத்து வைத்திருந்ததைவிடக் குள்ளம். போட்டோவில் இருக்கிற ஆளையே பார்த்துப் பார்த்து நிஜ ஆளை மறந்திருக்கிறேன். முந்தானையைத் தலையில் இழுத்து விட்டுக்கொண்டேன். அவர் மொபெட்டில் ஏறி உட்கார்ந்துவிட்டார்.

"எங்க கிளம்பிட்டீங்க?"

பதினான்கு வருஷம் தொண்டையில் கிடந்தது வெளியே வந்துவிட்டது.

அவர் முகம் சுருங்கியது. "ஏனுங்கம்மா, காலங்காத்தால போற ஆளப் பாத்து எங்கேன்னு கேக்கலாமுங்களா? யாருங்க நீங்க?"

யாருங்க நீங்க. அதை வாங்கிக்கொள்ளத் தயாராகத்தான் வந்திருந்தேன். ஆனாலும் வலித்தது. என் தலை நரைத்திருக்கிறது, கன்னம் ஒட்டியிருக்கிறது. அவருக்கு நான் யாரோ ஒரு கிழவி.

அவர் முணுமுணுத்துக்கொண்டே வண்டிக்கு ஸ்டாண்ட் போட்டார். உள்ளே போனார். "ஏனுங்க, திரும்பிட்டீங்க?" என்று அந்த இன்னொரு சாந்தாமணி கேட்டாள். "எவுங்களோ ஒரு அம்மா எங்கேன்னு கேட்டுப்போட்டாங்க. தண்ணி குடு" என்றார். நாற்காலி இழுபடும் சத்தம். சொம்பு வைக்கும் சத்தம்.

தெருமுனையில் தண்ணீர் லாரி திரும்பியது. ஹாரன் அடித்தபடி, தண்ணீரைச் சிந்தியபடி, யாருக்கும் ஒன்றும் செய்யாமல் அது பாட்டுக்குப் போய்விட்டது. மதில் சுவரைப் பிடித்துக்கொண்டேன்.

அவர் மீசையைத் துடைத்துக்கொண்டு மறுபடி வெளியே வந்தார். என்னைப் பார்த்ததும் தயங்கினார். அவர் யாரையாவது கடிந்து பேசினால் ஐந்து நிமிஷம்கூடத் தாங்காது, போய்ச் சமாதானம் பண்ணிவிடுவார். அது எனக்கு மறந்தே போயிருந்தது.

"தப்பா நெனைச்சுக்காதீங்கம்மா" என்று குரலைத் தாழ்த்தினார். "பல்லு புடுங்க ஆஸ்பத்திரிக்குப் போறேனுங்க, நேரமே போனாத்தான் டோக்கன் கெடைக்கும். இதா, இந்தப் பல்லு." உதட்டைத் தூக்கி இடதுபக்கம் மேல்வரிசைக் கோரைப்பல்லைக் காட்டினார். "மூணு நாளா உசுரு போகுது. ஊட்ல சொல்லலீங்க. பல்லு டாக்டருன்னா எனக்கு பயம்னு என்ற பொண்டாட்டிக்குத் தெரியும். தெரிஞ்சா பக்கத்து ஊட்டுக்கெல்லாம் சொல்லிச் சிரிப்பா."

"அதுக்கா இஸ்திரிச் சட்டை?"

"டாக்டருகிட்டப் போறமுல்லங்க. கறைச் சட்டையோட போனா மதிப்பாங்களா?"

பல். பதினான்கு வருஷமும் ஒரு சொத்தைப் பல்லுக்காக. நான் சிரித்துவிட்டேன். சிரிப்பு எந்த இடத்தில் அழுகையானது என்று தெரியவில்லை. அவர் பதறிப்போய்ப் புதுக் கைக்குட்டையை எடுத்து நீட்டினார். வாங்கிக்கொள்ளக் கையை நீட்டிய நான் குனிந்தேன். கை நேராகக் கணுக்காலுக்குப் போனது. உண்மையைச் சொல்கிறேன், கம்பியின் முனையை விரல் பிடித்துவிட்டது. ஒரு இழுப்பு போதும். தெருவில் பிச்சை எடுத்தாவது இந்த மனுஷன் மொபெட்டில் போவதையும் வருவதையும் பார்த்துக்கொண்டு கிடக்கலாம்.

தட்டைத் தள்ளிவிட்டு எழுந்த என் மகளின் முகம் நினைவுக்கு வந்தது. விரலை எடுத்தேன்.

"கால்ல என்னங்கம்மா அது? நம்ம கடைக் கம்பி மாதிரி இருக்குது" என்று அவர் குனிந்தார்.

"ஆமாங்க. மூணு சுத்து" என்றேன். அவர் வேறு ஏதோ கேட்க வாயைத் திறந்தார். ஏழு நிமிஷம் முடிந்துவிட்டது.

கூண்டின் இரும்புத் தரை முழங்காலில் இடித்தது. கதவு திறந்தது. ஜெபசிங் சாருக்குப் பின்னால், வேலையில் போடும் வெள்ளைக் கோட்டுடனேயே, சஷ்டிகா நின்றிருந்தாள். கண் வீங்கியிருந்தது. என்னைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள்.

"வந்துட்டியா?"

"வந்துட்டேன் கண்ணு. உங்கப்பா பல்லு புடுங்கப் போனாராமா."

"என்னது?"

எல்லாவற்றையும் சொன்னேன். சஷ்டிகா கேட்டுக்கொண்டே என் காலடியில் உட்கார்ந்து, கம்பியை வெட்டக் கட்டிங் பிளேயரை எடுத்தாள். வெட்டவில்லை. கம்பியைப் பார்த்தபடியே இருந்தாள்.

"அம்மா, இத இங்க எப்ப இருந்து கட்டறாங்க?"

"ஒண்ணரை வருசமா. என்ற யோசனை. உலகத்துல வேற ஒருத்தரும் கட்டுனது இல்ல."

"நான் பாத்திருக்கேன்."

"எங்க பாத்தே? நீ இங்க வந்ததே இன்னைக்குத்தான்."

"அந்தத் தாத்தா கால்ல." அவள் குரல் இறங்கிவிட்டது. "பொள்ளாச்சிக் கல்யாணத்தன்னைக்கு. செருப்பில்லாம நின்னாரு. எடது கால்ல இதே மாதிரி, செம்பு நெறத்துல மூணு சுத்து. ஏதோ வேண்டுதல் காப்புன்னு நெனச்சேன்."

ஜெபசிங் சார் கையிலிருந்த காகிதத்தைக் கீழே வைத்தார்.

"ஓட்டைப்பல்லுன்னியே, எந்தப் பல்லு?" என்று கேட்டேன்.

அவள் விரலைத் தன் வாய்க்குக் கொண்டுபோனாள். இடதுபக்கம், மேல்வரிசை, கோரைப்பல்.

"தாடி நரைச்சு, கண்ணெல்லாம் உள்ள போயிருந்துச்சும்மா. எனக்கு எப்படித் தெரியும்? நான் போட்டோவுல பாத்த அப்பாவுக்கு எல்லாப் பல்லும் இருக்குதே."

"உன்கிட்ட வேற என்ன பேசுனாரு? ஒண்ணு விடாமச் சொல்லு."

"எங்க கண்ணு கிளம்பிட்டேன்னாரு. நான் திட்டுனேன். சிரிச்சாரு. அப்புறம்..." அவள் நெற்றியைச் சுருக்கினாள். "'அம்மாவும் வர்றாங்களா கண்ணு?'ன்னாரு. இல்ல, கோழிப்பண்ணை மோட்டார் வந்திருக்குது, அம்மா வரலைன்னேன். 'அப்படியா, அப்படியா'ன்னு ரெண்டு தடவ சொன்னாரு. அப்பத்தான் நீ உள்ள இருந்து கத்துனே. நான் உள்ள வந்துட்டேன். ஜன்னல் வழியா பாத்தப்ப நம்ம கேட்டைப் புடிச்சுட்டே நின்னாரு. மறுபடி பாத்தா ஆளக் காணோம்."

எனக்கு அப்போதுதான் முழுதும் விளங்கியது. நான் மோட்டாருக்காகக் கடையில் நின்றுவிட்டேன் என்றால், அது அவர் இல்லாததால். அவர் உயிரோடு இருக்கிற உலகத்தில் கோழிப்பண்ணை மோட்டாரை அவர் பார்த்துக்கொள்வார். நீங்க ரெண்டு பேரும் போயிட்டு வாங்க என்பார். நானும் மகளும் பட்டுக் கட்டிக்கொண்டு முன்சீட்டில் உட்கார்ந்திருப்போம். பல் பிடுங்கிக்கொண்ட தேவராசுவுக்கு எட்டு வருஷம் கழித்து வீட்டில் யாரும் மிஞ்சவில்லை. கம்பி சுற்றுகிற கை அவருக்கும் உண்டு. அந்த ஆள்தான் ஒரு சாந்தாமணியையும் ஒரு சஷ்டிகாவையும் காப்பாற்ற, தனக்கு ஒன்றும் கிடைக்காது என்று தெரிந்தே, வெறுங்காலோடு வந்து எங்கள் கேட்டில் நின்றிருக்கிறார். பத்தடி தள்ளி நான் மோட்டாரைக் கழற்றிக்கொண்டிருந்திருக்கிறேன். எட்டிப்பார்த்திருக்கலாம். அவருக்கு என் குரல் மட்டும்தான் கிடைத்தது.

அந்த வேதனையோடு இன்னொன்றும் வந்து உட்கார்ந்தது. இன்றைக்கு நான் ஒரு தேவராசுவைக் காப்பாற்றிவிட்டு வந்திருக்கிறேன். அங்கேயும் ஒரு கோழிப்பண்ணை இருக்கும். அங்கேயும் அந்தப் புளியமரம் நிற்கும். குக்கரைத் திட்டிக்கொண்டிருந்த அந்தச் சாந்தாமணிமேல் எனக்கு இருந்த பொறாமை எங்கே போனதென்று தெரியவில்லை.

"சார், காயில் சூடு இன்னும் எத்தன நேரம் நிக்கும்?"

ஜெபசிங் சார் கடிகாரத்தைப் பார்த்தார். பஸ் கதையை முன்பே என்னிடம் கேட்டிருந்ததால் அவருக்கும் புரிந்துவிட்டிருந்தது. "அஞ்சரை மணி நேரத்துக்கு மேல நிக்கும். அதுவரைக்கும் அதே உலகத்துக்குப் போவலாம். அந்தக் கல்யாணத்தன்னைக்கு. ஆனா ஒரு சந்தேகம்க்கா. அங்க போயி அவங்க ரெண்டு பேரையும் நீங்க நிறுத்திட்டா, அவரு தனியாள் ஆவ மாட்டாரு. அப்புறம் அவரு எதுக்கு இங்க வாராரு?"

"அதான் வந்துட்டாருல்லீங்க சார்" என்றேன். "வந்தவர இனி யாரு இல்லீன்னு சொல்றது?"

அவர் தலையை ஆட்டினார். விஞ்ஞானப்படி அது சரியான பதிலா என்று இன்றுவரை அவர் சொல்லவில்லை. நாளையும் நேரத்தையும் மாற்றி அமைக்கப் போய்விட்டார்.

நான் சுவரைப் பிடித்து எழுந்தேன். சஷ்டிகா தடுப்பாள் என்றுதான் நினைத்தேன். முதலில் தடுத்தவள் அவள்தானே. அவள் என் வழியில் வந்து நின்றாள். கண்ணில் தண்ணீர், உதட்டில் அவளுடைய அப்பாவின் கோணல் சிரிப்பு.

"எங்கம்மா கிளம்பிட்டே?" என்றாள்.

போகிறவளைக் கேட்டுவிட்டாள். வேறு என்ன செய்வது? நாற்காலியை இழுத்து உட்கார்ந்தேன். அவள் தன் பையிலிருந்து தண்ணீர் பாட்டிலை எடுத்து, மூடியைத் திறந்து கொடுத்தாள். இரண்டு வாய் குடித்தேன். நான் குடித்து முடிப்பதற்குள் அவள் கீழே உட்கார்ந்து, பழைய கம்பியை வெட்டிப் போட்டுவிட்டு, புதுக் கம்பியை என் கணுக்காலில் சுற்ற ஆரம்பித்திருந்தாள்.